ஒலிப்பதிவுக் காப்பக வேலை: உங்கள் மகள் எதைப் படிக்கலாம்?

பழைய டேப்புகளைக் கம்ப்யூட்டரில் ஏற்றும் வேலைக்கு இவ்வளவு படிப்பு எதற்கு என்று கேட்டிருக்கிறீர்கள். தேசிய ஆவணக் காப்பகத்தில் கம்ப்யூட்டர் கடைசியில்தான் வரும். பதிவு பிழைப்பதும் அழிவதும் அதற்கு முன்பே முடிவாகிவிடும்.

சக்கரத்தில் சுற்றிய பழைய ஸ்பூல் டேப்பில் புளித்த காடி வாடை அடித்தால், அந்த டேப்பின் அடித்தளமான அசிடேட் என்ற பிளாஸ்டிக் சிதையத் தொடங்கிவிட்டது என்று பொருள். மற்றவற்றிலிருந்து உடனே பிரித்து வைக்க வேண்டும். 1970, 80களின் பாலியஸ்டர் டேப்புகள் சிலவற்றில், காந்தத் துகள்களைப் பிடித்திருக்கும் பசை காற்றின் ஈரத்தால் பிசுபிசுத்துப்போகும். அப்படியே ஓட்டினால் டேப் கீச்சிடும், துகள் உதிர்ந்து, டேப்பிலிருந்து ஒலியைப் படிக்கும் ஹெட்டில் அப்பும். உதிர்ந்த ஒலி திரும்பாது. ஆகவே சூட்டைச் சீராக வைக்கும் இன்குபேட்டர் பெட்டியில் சுமார் 50 டிகிரி செல்சியசில் பல மணி நேரம் வைத்து, ஆறவிட்டுத்தான் ஓட்டுவார்கள். அதே சூடு அசிடேட் டேப்பைப் பாழாக்கிவிடும். எது எதுவென்று அறிய ஸ்பூலை விளக்குக்கு எதிரே பிடித்துப் பார்ப்பார்கள்: அசிடேட் ஊடே வெளிச்சம் தெரியும், பாலியஸ்டரில் பெரும்பாலும் தெரியாது.

அடுத்தது ஹெட்டின் சாய்வு, அதாவது அது டேப்பைத் தொடும் கோணம். அந்தந்த டேப்புக்கு ஏற்பத் திருத்தாவிட்டால் மேல் அதிர்வெண்கள் மங்கும். பின்னால் எந்த மென்பொருளும் அதை முழுதாக மீட்டுத் தராது.

சவுண்ட் இன்ஜினியரிங் மட்டும் போதாது என்பது எங்கள் கருத்து. அங்கே ஒலியை மெருகேற்றக் கற்றுத்தருவார்கள். இங்கே டேப்பிலிருந்து எடுக்கும் டிஜிட்டல் மூலப் பிரதியில் இரைச்சலைக்கூட நீக்கக் கூடாது. இளநிலையில் எலக்ட்ரானிக்ஸ் அல்லது இயற்பியல், முதுநிலையில் நூலக அறிவியல் அல்லது ஆவணக் காப்பகவியல் என்று போகட்டும். நிரந்தரப் பணியிடங்கள் குறைவு, பெரும்பாலும் திட்ட ஒப்பந்தம்தான் என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ஆனால் பழைய ஸ்பூல் மெஷினைப் பழுதுபார்க்கத் தெரிந்தவர்கள் அருகிவருகிறார்கள். அந்தக் கைத்திறன் இருந்தால் வானொலி நிலையங்கள், பல்கலைக்கழக நூலகங்கள் பக்கமும் வழி உண்டு.

இந்த விடுமுறையிலேயே தொடங்கலாம். ஒரு பழைய கேசட் டெக், ஐசோப்ரொப்பைல் ஆல்கஹால், பஞ்சுக் குச்சி, சிறிய ஸ்க்ரூடிரைவர் போதும். ஹெட்டைத் துடைத்து, சாய்வைத் திருத்திப் பழகட்டும். வேறு பிரதியே இல்லாத கேசட்டில் வேண்டாம். சர்வதேச ஒலி, ஒளி ஆவணக் காப்பகங்களின் சங்கம் வெளியிட்ட டி.சி.-04 வழிகாட்டி இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. டேப்பை டிஜிட்டலாக மாற்றும்போது ஒலியை எவ்வளவு நுணுக்கமாக அளக்க வேண்டும் என்பதற்கு, குறைந்தது 48 கிலோஹெர்ட்ஸ் (நொடிக்கு 48,000 அளவீடுகள்), 24 பிட் (ஒவ்வோர் அளவீட்டின் நுட்பம்) என்கிறது அது. பல காப்பகங்கள் 96 கிலோஹெர்ட்ஸில் பதிகின்றன. அப்படிப் பதிந்தால் ஒரு மணி நேர ஸ்டீரியோ சுமார் 2 ஜிபி வரும். பேசியவர் யார், எங்கே, எந்தத் தேதி, எந்த டெக், டேப்பின் நிலை என்ன என்பதையும் எழுதி வைக்கச் சொல்லுங்கள். காப்பகப் பயிற்சிக்கு விண்ணப்பிக்கும்போது, திருத்தாத கோப்போடு அந்தக் குறிப்பையும் சேர்த்து அனுப்பட்டும்.