சாவி வேண்டாம் என்று சொன்ன பையன்

கேள்வி: எங்களுக்குக் கண்டனூர்ப் பக்கம். பெரிய வீடு, ஐந்து பங்காளிகளுக்குப் பொது. மற்ற நால்வரும் சென்னையிலும் மலேசியாவிலும் இருக்கிறார்கள். ஊரில் இருப்பது நான் ஒருத்திதான். முப்பது வருடமாக வீட்டைப் பார்த்துக்கொள்ளும் வாட்ச்மேனுக்கு இப்போது கண் சரியாகத் தெரியவில்லை. அவர் மகனுக்கு வயது 26. பக்கத்து ஊரில் பூட்டிக் கிடந்த ஒரு வீட்டில் பித்தளைச் சாமான்களும் கதவுச் சிற்பங்களும் திருடு போன வழக்கில், மூன்று பேரோடு சேர்ந்து மாட்டி, மதுரைச் சிறையில் இரண்டரை வருடம் இருந்துவிட்டு வந்திருக்கிறான். அப்பாவோடு வந்தவன் திண்ணையில்கூட ஏறாமல் தெருவில் நின்று, "சாவியெல்லாம் வேண்டாம் ஆச்சி, ஓடு மாத்துற வேலை இருந்தாக் குடுங்க" என்றான். வாட்ஸ்அப் குழுவில் சொன்னேன். பங்காளிகள் கூடவே கூடாது என்கிறார்கள். போலீஸை விட்டு மிரட்டி வைக்கலாம் என்கிறார் ஒருவர். கொப்புடையம்மன் கோயிலில் சூடம் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டு சேர்க்கலாம் என்கிறார் இன்னொருவர். நான் என்ன செய்யட்டும்?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

ஆச்சிக்கு வணக்கம்.

நீங்கள் போகிற போக்கில் எழுதிய ஒரு வரியில்தான் என் கண் நின்றது. 'சாவியெல்லாம் வேண்டாம்' என்று அவனே சொன்ன வரி.

நான் நன்னடத்தை அலுவலராக வேலை பார்த்தவன். 1958-ஆம் வருடச் சட்டப்படி நீதிமன்றம் சிறைக்கு அனுப்பாமல் கண்காணிப்பில் விட்டவர்களையும், தண்டனை முடிந்து வந்தவர்களையும் நிறையப் பார்த்திருக்கிறேன். வந்த புதிதில் சிலர் காலில் விழுந்து "இனிமே தப்பே பண்ண மாட்டேன்" என்பார்கள். சிலர் "நான் ஒண்ணுமே பண்ணலை" என்று சாதிப்பார்கள். தன்னை எதில் நம்பலாம், எதில் இப்போதைக்கு நம்ப வேண்டாம் என்று தானே கோடு போட்டுச் சொல்கிறவன் அபூர்வம். அவன் கேட்டதையே கொடுங்கள் ஆச்சி. வேலை கொடுங்கள், சாவி கொடுக்காதீர்கள்.

மிரட்டி வைப்பது பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவில் நியூஜெர்ஸியில், 1970-களில், தப்பு வழியில் போகிற பிள்ளைகளைச் சிறைக்குள் அழைத்துப்போய், ஆயுள் கைதிகளை விட்டு மிரட்ட வைத்தார்கள். பயந்தால் திருந்துவார்கள் என்று எல்லோரும் நம்பினார்கள். பிறகு முறையாக ஆராய்ந்து பார்த்தபோது, அப்படி மிரட்டப்பட்ட பிள்ளைகள்தான், மிரட்டப்படாத பிள்ளைகளைவிட அதிகமாக மறுபடி குற்றத்தில் மாட்டியிருந்தார்கள். இவனோ பிள்ளை இல்லை. சிறையை உள்ளேயே இருந்து பார்த்து வந்தவன். அவனிடம் பயம் காட்ட இனி என்ன இருக்கிறது?

அப்புறம் எதுதான் ஒருவனை நிறுத்துகிறது? பாஸ்டன் நகரத்தில் சீர்திருத்தப் பள்ளிக்குப் போன 500 பையன்களின் பழைய ஆவணங்களை எடுத்து, அவர்களில் பலரை எழுபது வயது வரை தொடர்ந்து பார்த்தார்கள் சாம்ப்ஸன், லாப் என்ற இரண்டு ஆய்வாளர்கள். குற்றத்தை விட்டு விலகியவர்கள் வாழ்க்கையில் திரும்பத் திரும்பத் தென்பட்டவை நிலையான வேலையும் நல்ல இல்லறமும். காரணம் எளிமையானது. காலையில் எழுந்து போக ஓர் இடம், பழைய கூட்டாளிகளோடு உட்கார நேரமில்லாத சாயங்காலம், வராவிட்டால் 'ஏன் வரலை' என்று கேட்க ஒரு மனிதர். உங்கள் வீட்டு ஓட்டு வேலை இந்த மூன்றையும் கொடுக்கும்.

நம் சிவகங்கை மாவட்டத்திலேயே புரசடை உடைப்பில் ஒரு திறந்தவெளிச் சிறை இருக்கிறது. நன்னடத்தை பார்த்துத் தேர்ந்தெடுத்த தண்டனைக் கைதிகள் அங்கே விவசாயம் பார்க்கிறார்கள். உயர்ந்த மதிலை நம்பாமல் மனிதனை நம்பி நடத்துகிற இடம் அது. அரசாங்கமே அந்த அளவுக்கு இறங்கி வரும்போது, ஒரு பெரிய வீட்டு ஓட்டின் மேல் ஏற இவனை விடலாம்தானே.

ஆனால் நல்ல மனசு மட்டும் போதாது. என் பொறுப்பில் இருந்த ஒருவரை ஓர் அரிசி ஆலையில் சேர்த்துவிட்டேன். நாலு மாதம் ஒழுங்காகப் போனது. ஒருநாள் கல்லாவில் நாலாயிரம் ரூபாய் குறைந்தது. யாரும் எதுவும் கேட்கவில்லை, எல்லோரும் அவரைப் பார்த்தார்கள், அவ்வளவுதான். மறுநாள் காலையில் வாசலிலேயே நிறுத்திக் கணக்கை முடித்து அனுப்பிவிட்டார்கள். பத்து நாள் கழித்து, தவிட்டு வியாபாரிக்குக் கொடுத்த பணத்தை எழுத மறந்தது தெரிந்தது. ஆள் அனுப்பித் தேடினால், அவர் ஊரில் இல்லை. அடுத்து நான் அவரைப் பார்த்தது கோர்ட் வராந்தாவில், புது வழக்கில். அவரைச் சேர்த்துவிட்ட அன்றைக்கே கல்லாப் பக்கம் யார் போகலாம், கணக்கு யார் எழுதுவது என்று நான் கேட்டு முடிவு பண்ணியிருக்க வேண்டும். பண்ணவில்லை. அந்த வருத்தம் எனக்கு இன்னும் போகவில்லை.

அதனால் அவன் வேலைக்கு வருவதற்கு முன்னால் சாமான் பட்டியல் ஒன்று போட்டுவிடுங்கள். ஐந்தொகை பார்த்து வளர்ந்த குடும்பம், உங்களுக்கு நான் கணக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. முகப்பு, வளவு, இரண்டாம் கட்டு என்று அறை அறையாக எழுதுங்கள். அண்டா, குத்துவிளக்கு எதையும் விடாமல் போனில் படம் எடுங்கள். பேர் வெட்டிய பாத்திரமானால் அந்த எழுத்து தெரிகிற மாதிரி எடுங்கள். வீட்டைக் காப்பாற்றுவதற்கு மட்டும் இதைச் சொல்லவில்லை. நாளைக்கு முன்னோருக்குப் படையல் போடுகிற படைப்புக்கு வந்த கூட்டத்தில் ஒரு செம்பு காணாமல் போனால், முதல் விரல் யார் பக்கம் நீளும் என்று உங்களுக்கே தெரியும். அன்றைக்கு அவனைக் காப்பாற்றப் போவது அந்தப் பட்டியல்தான். அதை அவனிடமும் சொல்லிவிடுங்கள், ஒளித்துச் செய்ய வேண்டாம். வாட்ஸ்அப் குழுவிலும் போடுங்கள். பங்காளிகளின் பயத்தில் பாதி அங்கேயே இறங்கிவிடும்.

கூலி விஷயம். ஊரில் ஓடு மாற்றுகிற ஆளுக்கு என்ன கூலியோ அதே கூலி. 'ஜெயிலுக்குப் போனவன், வேலை கிடைச்சதே பெருசு' என்று நூறு ரூபாய் குறைத்துக் கொடுக்கிற பழக்கம் நம்மிடம் இருக்கிறது. அது ரொம்பத் தப்பு. சனிக்கிழமை என்றால் சனிக்கிழமை, கையில் எண்ணிக் கொடுங்கள். வக்கீல் செலவுக்கு வாங்கிய கடன் அவன் தலையில் இருக்கலாம். கூலி ஒரு வாரம் தள்ளிப் போனால், கடன் கொடுத்தவனுக்கு முன்னால் பழைய கூட்டாளி வந்து நிற்பான். தொடக்கத்தில் பெரிய முன்பணமும் வேண்டாம். வந்த நாள், போன நேரம், கொடுத்த கூலி மூன்றையும் ஒரு நோட்டில் எழுதி அவனிடம் கையெழுத்து வாங்குங்கள்.

அந்த நோட்டுக்கு இன்னொரு உபயோகமும் உண்டு. சுற்றுவட்டாரத்தில் எங்கே பூட்டு உடைந்தாலும் போலீஸ் இவனைத் தேடி வரும். அப்போது 'அன்றைக்கு என் வீட்டில் வேலையில் இருந்தான்' என்று எழுத்தில் காட்ட முடியும். விசாரணைக்கு அழைத்துப் போனால் எந்த ஸ்டேஷன், என்ன வழக்கு என்று நீங்களே கேளுங்கள். நீங்கள் கேட்டால் பதில் வரும், அவன் அப்பா கேட்டால் வராது, அதுதான் நிலைமை. கைது செய்தால் வீட்டுக்குத் தகவல் சொல்ல வேண்டும், 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன்னால் நிறுத்த வேண்டும். காவலில் இருப்பவருக்கு இலவசமாக வக்கீல் கிடைப்பார். மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேட்டால் ஏற்பாடு செய்வார்கள்.

திருட்டுக் கொடுத்த வீட்டுக்காரரை நாம் மறந்துவிடக் கூடாது. அவர்கள் பாட்டி காலத்துச் சாமான் போயிருக்கிறது. எல்லாம் திரும்பக் கிடைத்ததா என்று நீங்கள் எழுதவில்லை. அவன் வேலைக்கு வருவதற்கு முன்னால் நீங்களே அவர்களிடம் சொல்லிவிடுங்கள். அனுமதி கேட்க வேண்டாம், ஆனால் தெருவில் யாரோ சொல்லி அவர்களுக்குத் தெரியக்கூடாது. கோபப்பட்டால் கேட்டுக்கொள்ளுங்கள், கோபப்பட அவர்களுக்கு உரிமை இருக்கிறது. அவன் போய் மன்னிப்புக் கேட்பது பிறகு, அவனுக்கே தோன்றும்போது. அவர்களுக்கும் சம்மதம் வேண்டும்.

அம்மன் முன்னால் சத்தியம் வாங்குவது எனக்கு உடன்பாடில்லை. நாலு பேர் சுற்றி நிற்க, சூடத்தை அடித்துவிட்டு வருகிறவன் மனதில் அந்த நாலு பேரும்தான் நிற்பார்கள், அம்மன் நிற்க மாட்டாள். அவனாகக் கோயிலுக்குப் போனால் போகட்டும்.

ஒருநாள் சொல்லாமல் வராமல் இருப்பான். ஒருநாள் குடித்துவிட்டு வந்தாலும் வரலாம். அதோடு முடிந்தது என்று தலைமுழுகிவிடாதீர்கள். அன்றைய கூலி இல்லை, நாளைக்குக் காலை ஏழு மணிக்கு வா என்று சொல்லுங்கள். ஆனால் வீட்டுச் சாமானில் கை வைத்தால் போலீஸுக்குத்தான் போவீர்கள் என்பதை முதல் நாளே, அப்பாவை வைத்துக்கொண்டு, மரியாதையாகச் சொல்லிவிடுங்கள். சொன்னால் அதன்படி நடக்கவும் வேண்டும்.

சாவி எப்போது என்று நீங்கள் கேட்கவில்லை. இருந்தாலும் சொல்கிறேன். ஓட்டு வேலை முடிந்து, சுண்ணாம்பு வேலை, தோட்ட வேலை என்று ஒரு வருடம் ஓடட்டும். முதலில் பின்கட்டு மோட்டார் அறைச் சாவி. அது சரியாகப் போனால் அடுத்த வருடம் இரண்டாம் கட்டு. முகப்புச் சாவியை ஐந்து பங்காளிகளும் சேர்ந்து ஒரு படைப்பு நாளில் முடிவு செய்யுங்கள். அதுவரை அது அவன் அப்பாவிடமே இருக்கட்டும். அவரை ஒரு கண் டாக்டரிடம் அழைத்துப்போங்கள் ஆச்சி. புரையாக இருந்தால் சின்ன ஆபரேஷனில் பார்வை வந்துவிடும். ஐப்பசி மழைக்கு முன்னால் ஓடு மாற்றியாக வேண்டும், கண்ணையும் அதற்குள் பார்த்துவிடலாம்.