ஸ்பையின் படங்களும் சுண்ணாம்புக்கல்லும்

வணக்கம்,

லண்டனின் பழைய 'வேனிட்டி ஃபேர்' வார இதழில் 1897ல் வந்த, கிரிக்கெட் வீரர் ரஞ்சித்சிங்ஜியின் வண்ணப்படத்தைப் பார்த்தேன். 'ஸ்பை' என்று கையெழுத்து. கேலிச்சித்திரம் என்கிறார்கள்; எனக்கு உருவப்படமாகவே தெரிகிறது. ஆளை உட்காரவைத்து வரைந்ததா? அச்சில் அந்த வண்ணம் எப்படி வந்தது? பழைய பிரதி ஒன்று விலைக்கு வருகிறது. அசலா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

க., மதுரை

அன்புள்ள க.,

உங்கள் கண் சரியாகத்தான் பார்த்திருக்கிறது. 'ஸ்பை' என்ற லெஸ்லி வார்டு 1873ல் அந்த இதழில் சேர்ந்தார். அவருக்கு முன்பே அங்கே வரைந்துகொண்டிருந்த கார்லோ பெல்லெக்ரினி தலையைப் பெருக்கி உடலைச் சுருக்குவார். வார்டு லண்டன் ராயல் அகாதமியில் ஓவியம் பயின்றவர். தொடக்கத்தில் அவரிடமும் மிகை உண்டு. வரவரக் குறைந்து, 1897க்குள் உருவப்படத்தின் பக்கம் சாய்ந்துவிட்டது.

பிற்காலத்தில் பலர் அவரது ஓவியக்கூடத்துக்கே வந்து நின்றார்கள். ஆரம்பகாலப் படங்கள் பெரும்பாலும் அப்படி அல்ல. நாடாளுமன்றம், நீதிமன்றம், தேவாலயம் என்று போய் ஆளுக்குத் தெரியாமல் கவனித்து, நினைவிலிருந்து வரைந்தவை. வரையப்போகிறார்கள் என்று தெரிந்தால் எவரும் தன்னைத் திருத்திக்கொள்வார். தொப்பை உள்ளே போகும், முகவாய் உயரும். வார்டுக்கு வேண்டியது அவர் இயல்பாக நிற்கும் விதம். அவருடைய உண்மையான பலம் முகத்தைவிட நிலையில்தான் இருக்கிறது என்பேன். 1873 ஏப்ரலில் வந்த ஆந்தனி டிரோலப் படம் இப்படி உருவானதே. நாவலாசிரியர் கடுங்கோபம் கொண்டார்.

வார்டு தந்தது நீர்வண்ண ஓவியம். அதை அச்சிடுவதற்கான கல்லில் ஏற்றியது 'வின்சென்ட் புரூக்ஸ், டே அண்ட் சன்' என்ற அச்சகம். பவேரியச் சுண்ணாம்புக்கல்லைத் தேய்த்துச் சமமாக்கி, உருவத்தை இடவலம் மாற்றி, எண்ணெய்ப்பசையுள்ள மையாலும் கிரேயானாலும் வரைவார்கள். பிறகு வேலம்பிசினில் சிறிது நைட்ரிக் அமிலம் கலந்து பூசுவார்கள். அமிலம் கூடினால் கன்னத்தின் மெல்லிய புள்ளிகள் கரைந்து முகம் தட்டையாகிவிடும். குறைந்தால் வெற்றிடத்திலும் மை பிடித்து அழுக்காகும். கல்லை நனைத்து மையை உருட்டினால், பசையுள்ள இடம் மட்டும் மையை ஏற்கும்.

ஒவ்வொரு வண்ணத்துக்கும் தனிக் கல். ஒரே தாள் எல்லாக் கற்களிலும் ஏறி இறங்கும். இடையில் ஈரப்பதம் மாறினால் தாள் நீளும் அல்லது சுருங்கும். அடுத்த வண்ணம் தள்ளி விழும். கறுப்பு மேலங்கியில் அது தெரியாது. முகத்திலோ ஒரு மயிரிழை விலகினாலே உதட்டின் சிவப்பு கன்னத்துக்குப் போய்விடும்.

வாங்குமுன் பத்து மடங்கு உருப்பெருக்கி எடுத்துப் போங்கள். முகத்தைப் பாருங்கள். புள்ளிகள் ஒழுங்கின்றிப் பெரிதும் சிறிதுமாகச் சிதறியிருந்தால் கல்லச்சு. வரிசை பிசகாத புள்ளிகள் சின்னச் சின்னப் பூவட்டங்களாகக் கூடி நின்றால், அது பிற்கால ஆஃப்செட் நகல். உருவப்பகுதி சுமார் 12 அங்குல உயரம், 7 அங்குல அகலம் இருக்கும். கீழே அச்சகத்தின் பெயர் இருக்கிறதா என்றும் பாருங்கள். ஓரம் வெட்டிய பிரதிகளில் அது போயிருக்கலாம். ஆகவே பெயர் இல்லை என்பதற்காக மட்டும் ஒதுக்க வேண்டாம், புள்ளியை நம்புங்கள்.