ஃபாப்ரும் பீரங்கியும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

பூச்சிகளைப் பற்றி எழுதிய பிரெஞ்சுக்காரர் ழான் ஆன்ரி ஃபாப்ரை நீங்கள் அடிக்கடி பாராட்டுகிறீர்கள். தானாகவே கற்றுக்கொண்ட பள்ளி ஆசிரியர் அவர். பரிணாமக் கொள்கையைக் கடைசிவரை ஏற்கவில்லை. சிள்வண்டுக்குக் காது கேட்காது என்றார், அதுவும் தவறு. பட்டம் படித்திருந்தால் இந்தப் பிழைகள் வந்திருக்காதே? இன்று அவரை எதற்குப் படிக்க வேண்டும்?

அன்புள்ள நண்பருக்கு,

முதலில் ஒரு திருத்தம். ஃபாப்ர் பட்டம் இல்லாதவர் அல்ல. ஏழைக் குடும்பத்துப் பிள்ளை. வேலை பார்த்துக்கொண்டே தனியாகப் படித்து, 1855இல் பாரிஸில் முனைவர் பட்டமும் வாங்கினார். ஆகவே படிப்பின்மையால் வந்த பிழைகள் இல்லை இவை.

சிள்வண்டு விஷயத்துக்கு வருவோம். வீட்டு வாசல் மரங்களில் அவை கத்திக்கொண்டிருந்தன. ஊர்த் திருவிழாவில் வெடிக்கும் சிறு பீரங்கிகள் இரண்டைக் கொண்டுவந்து மரத்தடியில் வெடிக்கச் செய்தார். ஒரு பூச்சிகூடப் பாட்டை நிறுத்தவில்லை. இதுவரை அவர் எழுதியது அத்தனையும் உண்மை. 'எனவே செவிடு' என்ற முடிவுதான் தவறு. சிள்வண்டுக்கு வயிற்றுப் பகுதியில் செவிப்பறை உண்டு, தன் இனத்தின் பாட்டு அதற்குக் கேட்கும். கண்டது ஒன்று, அதிலிருந்து ஊகித்தது வேறொன்று. ஃபாப்ர் இரண்டையும் தனித்தனியாக எழுதிவைத்ததால்தான் நம்மால் பிழையைப் பிரித்தெடுக்க முடிகிறது.

இன்னொன்று சொல்கிறேன். சுவர்க்கோழியை வேட்டையாடும் ஒரு குளவி, இரையை வளை வாசலில் போட்டுவிட்டு, உள்ளே போய்ப் பார்த்துவிட்டு வரும். அந்த நேரத்தில் ஃபாப்ர் இரையைக் கொஞ்சம் தள்ளி வைத்தார். குளவி வந்தது, தேடிப் பிடித்தது, மறுபடி வாசலுக்கு இழுத்துவந்தது, மறுபடி தனியாக உள்ளே போனது. நாற்பது முறை அப்படியே! பூச்சி யோசிப்பதில்லை என்பதற்குச் சான்றாக இதை எத்தனையோ பேர் எடுத்துக்காட்டினார்கள். ஆனால் வேறொரு கூட்டத்துக் குளவிகள் இரண்டு மூன்று முறை ஏமாந்த பிறகு இரையை நேராக உள்ளே இழுத்துக்கொண்டு போனதையும் அவரே எழுதியிருக்கிறார். உள்ளுணர்வு மாறாது என்று நம்பியவருக்கு அது இடைஞ்சலான காட்சி. அதை மறைக்கவில்லை. அவரை நான் நம்புவது இதனால்தான்.

பரிணாமத்தில் அவர் பிடிவாதம் தவறுதான், அதில் வாதமே இல்லை. இருந்தும் ஈடற்ற அவதானிப்பாளர் என்று டார்வின் அவரைப் பாராட்டினார்.

ஃபாப்ரின் வாழ்க்கையும் எளிதாக இல்லை. பிரான்ஸின் அவிஞோன் நகரில் மாலை வகுப்பில் பெண்பிள்ளைகளுக்குப் பூவின் கருவுறுதலைச் சொல்லிக்கொடுத்ததற்கு எதிர்ப்பு கிளம்பி, வேலையும் வாடகை வீடும் போயின. அப்புறம் பாடநூல்கள் எழுதிப் பிழைத்தார். 1879இல்தான், 55 வயதில், செரிஞான் என்ற ஊரில் கல்லும் முள்ளுமான ஒரு தரிசை வாங்க முடிந்தது. விவசாயிகள் வேண்டாமென்று விட்ட நிலம். குளவிக்கும் தேனீக்கும் சொர்க்கம்.

அவருடைய 'பூச்சி நினைவுகள்' நூலின் முதல் தொகுதி வந்ததும் அதே ஆண்டுதான். அதில் குளவி அத்தியாயங்களிலிருந்து தொடங்குங்கள். முடிவில் வரும் சிறு குறிப்பையும் படித்துவிடுங்கள். பூச்சி தேடக் கூடவே வந்த மகன் ழூல் 1877இல் சிறு வயதிலேயே இறந்துபோனான். தாம் கண்ட மூன்று குளவிகளுக்கு ஃபாப்ர் அவன் பெயரை அங்கே வைத்திருக்கிறார்.

அன்புடன்.