சாலை இரைச்சல் பழகிவிட்டால் உடலுக்குக் கெடுதல் இல்லையா?

வடபழனியில் நூறடிச் சாலையை ஒட்டிக் குடியிருக்கும் ஒருவர், ஹாரன் ஒலி பழகிவிட்டதால் இனிக் கெடுதல் இல்லை என்று எண்ணலாமா எனக் கேட்டிருக்கிறார். எண்ணக்கூடாது என்பதே என் உறுதியான பதில்.

பழகுவது மனம்தான், உடல் முழுமையாகப் பழகுவதில்லை. நாம் உறங்கும்போதும் செவி ஒலியை மூளைக்கு அனுப்பிக்கொண்டே இருப்பதால், நள்ளிரவில் ஒரு லாரி ஹாரன் அடிக்கும்போது நாம் விழிக்காவிட்டாலும், அட்ரினலின் போன்ற சுரப்புகள் கூடி, இதயத் துடிப்பும் இரத்த அழுத்தமும் சற்றே உயர்ந்து, ஆழ்ந்த உறக்கம் கலையக்கூடும். ஆண்டுக்கணக்கில் இது நீடித்தால் உயர் இரத்த அழுத்தத்துக்கும் இதய நோய்க்குமான வாய்ப்பு கூடுகிறது. உட்செவியின் நுண்மயிர்ச் செல்களோ, பேரொலியால் ஒருமுறை அழிந்தால் மீண்டும் வளர்வதில்லை.

இந்தியாவில் 2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள், குடியிருப்புப் பகுதிக்குப் பகலில் 55 டெசிபல், இரவு 10 மணி முதல் காலை 6 மணி வரை 45 டெசிபல் என்று வரம்பு விதிக்கின்றன. 10 டெசிபல் கூடினாலே ஒலியின் ஆற்றல் பத்து மடங்காகிவிடும் என்பதைப் பலரும் கவனிப்பதில்லை. 45 இருக்க வேண்டிய படுக்கையறைச் சன்னலருகே 65 இருந்தால், அது நூறு மடங்கு.

இரைச்சலின் கெடுதல் மனிதரோடு நிற்பதில்லை. பறவைகள் துணையை அழைப்பதும் ஆபத்தை அறிவிப்பதும் குரலால்தான். கிண்டி தேசியப் பூங்காவைப்போல் நெரிசல் மிகுந்த சாலைகள் சூழ்ந்த காட்டில், வாகன இரைச்சல் அந்தக் குரலை மூழ்கடித்துவிடக்கூடும் என்பது எனக்கு மிகுந்த வருத்தம் தருகிறது.

உங்களால் முடிந்தால் படுக்கையைச் சாலைப் பக்கம் இல்லாத அறைக்கு மாற்றுங்கள். இரத்த அழுத்தத்தையும் அவ்வப்போது பார்த்துக்கொள்ளுங்கள்.