ஹியரிங் கொடுக்கலன்னு மட்டும் சொல்லி ரிட் போடாதீங்க: சீனியாரிட்டி பிரச்சனையில ஒரு உதவிப் பேராசிரியருக்கு பதில்

கேள்வி (சுருக்கியிருக்கேன்): அரசு பல்கலைக்கழகத்துல உதவிப் பேராசிரியரா இருக்கேன். 2012ல ஒரே அறிவிப்பு, ஒரே தேர்வுக்குழு. அதுல நான் முன்னாடி, இன்னொருத்தர் எனக்குப் பின்னாடி. ஆனா அவர் ஒரு வாரம் முந்தி ஜாயின் பண்ணிட்டார். 2017ல வந்த இறுதி சீனியாரிட்டி லிஸ்ட்ல நான் 14, அவர் எனக்குக் கீழ. போன வருஷம் அவர் மனு கொடுத்ததும் என்னை ஒரு வார்த்தை கேக்காம லிஸ்ட்டை மாத்திட்டாங்க. இப்ப அவர்தான் துறைத்தலைவர், ரிட்டயர் ஆக இன்னும் ரெண்டு வருஷம் இருக்கு. மூணு மனு கொடுத்தும் பதில் இல்ல. இப்ப குறைதீர் கமிட்டிக்கு வரச்சொல்றாங்க, அதுல அவரோட பிஎச்டி கைடு ஒரு உறுப்பினர். விசாரிக்காம போட்ட ஆணை செல்லாதுன்னு ஹைகோர்ட்டுல ரிட் மனு போடலாமா?

பதில்:

போடலாம் மேடம். ஆனா நீங்க எழுதினதுல கோர்ட்டுக்கு வேண்டியது ரெண்டே விஷயம்தான், 2017ல இறுதியான லிஸ்ட், அதை நோட்டீஸ் இல்லாம மாத்தின ஆணை. துணைவேந்தர் யாருக்கு வேண்டப்பட்டவர், மீட்டிங்ல உங்களை எப்படிப் பேசினாங்க, யாருக்கு கட்டுரை அதிகம், இதெல்லாம் வலிக்கும்தான், அஃபிடவிட்ல ஏத்தாதீங்க. உள்நோக்கம்னு எழுதினா, யார் மேல சொல்றீங்களோ அவரைப் பேர் சொல்லி பார்ட்டியா சேக்கணும், நிரூபிக்கிற பாரமும் உங்க தலையில, கேஸே வேற பக்கம் போயிடும்.

உங்க பலம் ஹியரிங் இல்லாதது இல்ல. நிலைச்சுப்போன சீனியாரிட்டியை வருஷங்கள் கழிச்சு கிளறக்கூடாது, மூணு நாலு வருஷம் தாண்டினா விளக்கம் சொல்லணும்னு சுப்ரீம் கோர்ட் சிபா சங்கர் மொஹாபத்ரா வழக்குல 2009ல சொல்லியிருக்கு. இப்ப துறைத்தலைவரா இருக்கறவர் அவ்வளவு வருஷம் சும்மா இருந்துட்டு இப்ப வந்திருக்கார், அதுதான் முதல் வாதம்.

ஏன் இதை அழுத்திச் சொல்றேன்னா, "என்னை விசாரிக்கல"ன்னு அது ஒண்ணை மட்டும் பிடிச்சுக்கிட்டு ஜெயிச்சவங்களை நிறைய பாத்திருக்கேன். ஆணை ரத்தாகும், வீட்ல ஸ்வீட் கொடுப்பாங்க, ஆனா தீர்ப்போட கடைசி பாராவுல "நோட்டீஸ் கொடுத்து புதுசா முடிவெடுக்கலாம்"னு இருக்கும். ரெண்டு மாசத்துல நோட்டீஸ் வரும், நீங்க பதில் கொடுப்பீங்க, நாலு பக்கத்துக்கு காரணம் எழுதி அதே முடிவை மறுபடி போடுவாங்க, இந்த தடவை "விசாரிச்சாச்சு"ன்னு ரெக்கார்டும் இருக்கும். அதுவும் 2020ல சுதிர் குமார் சிங் வழக்குக்குப் பிறகு ஹியரிங் கொடுக்கலன்னு சொன்னா மட்டும் போதாது, அதனால என்ன பாதிப்புன்னு காட்டணும். அப்ப கேள்வி இதுதான், கூப்பிட்டிருந்தா என்ன சொல்லியிருப்பீங்க?

அதுக்கு பதில் உங்க பல்கலைக்கழக விதியில இருக்கு. ஒரே தேர்வுல வந்தவங்களுக்கு சீனியாரிட்டி தேர்வுக்குழு ரேங்க்படியா, ஜாயினிங் தேதிப்படியா? அந்த ஒரு பிரிவைப் படிக்காம யாரும் உங்களுக்கு நம்பிக்கை கொடுக்க முடியாது. கூடவே ஆர்டிஐல தேர்வுக்குழு மினிட்ஸும் சிண்டிகேட் (பல்கலைக்கழக நிர்வாகக் குழு) ஒப்புதல் தீர்மானமும் வாங்குங்க. நீங்க ரேங்க்னு நினைக்கிற வரிசை சில சமயம் பேரோட அகர வரிசையா இருக்கும், இல்ல இடஒதுக்கீட்டுக்கான இனச்சுழற்சி வரிசையா இருக்கும், ரெண்டும் ரேங்க் ஆகாது. இது அவங்க கவுன்டர் (பதில் மனு) வந்தப்புறம் தெரிஞ்சா தாங்காது.

அடுத்தது, நாலாவது மனு வேண்டாம். ஜூனியரைத் தூக்கி மேல வச்சா ஆறு மாசத்துல, மிஞ்சிப்போனா ஒரு வருஷத்துல கோர்ட்டுக்கு வரணும்னு சதாசிவசுவாமி வழக்குல 1974லயே சொல்லியாச்சு, அது தமிழ்நாடு அரசு மேல போட்ட கேஸ்தான். மனு மேல மனு கொடுத்தா காலம் நீளாது, பழைய மனுவுக்கு பதில் வந்தாலும் புது கேஸ் பிறக்காதுன்னு சி. ஜேக்கப் வழக்கு (2008) சொல்லுது. "மனுவைப் பரிசீலிக்கவும்"னு ஒரு ஆர்டர் சுலபமா வாங்கித்தரேன்னு யாராவது சொன்னா அதுக்கும் போகாதீங்க, வெறும் பேப்பர்.

இன்னொண்ணு நீங்க கவனிக்கல. கோபத்துல ஒருத்தரைப் பத்தியே எழுதியிருக்கீங்க, ஆனா நீங்க அனுப்பின புது லிஸ்ட்ல உங்க நம்பர் 16. அப்ப ரெண்டு பேர் மேல போயிருக்காங்க, ரெண்டாவது ஆளுக்கு வயசு கம்மி, உங்களுக்கு முன்னாடியே கடைசிவரைக்கும் இருப்பார். பழகினவங்களை எப்படி கேஸ்ல இழுக்கறதுன்னு தயங்காதீங்க, ரெண்டு பேரையும் எதிர்மனுதாரரா சேக்கணும். பாதிக்கப்படப்போறவங்க இல்லாம ரிட்டைக் கேக்கக்கூடாதுன்னு பிரபோத் வர்மா வழக்கு (1984) இருக்கு, அது ஒண்ணுலயே தள்ளிடுவாங்க.

கமிட்டிக்குப் போங்க, ஆனா அந்த கைடு இருக்கறதுக்கு ஆட்சேபனையை முன்னாடியே எழுத்துல கொடுத்துட்டுப் போங்க. லக்னோ பல்கலைக்கழகத்து மேல சரனா போட்ட வழக்குல (1976) தேர்வுக்குழு உறுப்பினர்கள் பாரபட்சமானவங்கன்னார், ஆனா தெரிஞ்சே இன்டர்வியூவுக்கு உக்காந்துட்டு முடிவு வந்தப்புறம் சொன்னார், எடுபடல. வாயால சொல்லிட்டு வர்றது சொல்லாததுக்குச் சமம்.

இப்ப நீங்க கேக்க விரும்பாதது. துறைத்தலைவர் பதவியை விட்டுருங்க. கேஸ் முடியறதுக்குள்ள அவர் ரிட்டயர் ஆயிருவார், அந்த நாற்காலிக்கு ஸ்டே கேட்டு சண்டை போட்டா லிஸ்ட்டுதான் அடிபடும். கேஸ் ரெடியா கையில இருக்கட்டும், அதோட போய் பேசுங்க: அவர் ரிட்டயர்மென்ட் வரைக்கும் தலைவரா இருக்கட்டும், 2017 லிஸ்ட்டைத் திரும்பக் கொண்டு வாங்க. அவருக்கு வேண்டியது அந்தப் பதவிதான், ஒத்துக்க வாய்ப்பு நிறைய. ஆனா பதிவாளர் வாய்வார்த்தை வேண்டாம், பதிவாளர் மாறுவார், சிண்டிகேட் தீர்மானமா வரணும். அதுக்கு முன்னாடி ரெண்டாவது ஆளுக்கும் நோட்டீஸ் போகணும், இல்லன்னா "என்னைக் கேக்காம மாத்திட்டாங்க"ன்னு நாளைக்கு அவர் ரிட் போடுவார், ஜெயிப்பார். பேச்சுவார்த்தைக்கு ஒரு மாசம், அதுக்கு மேல இழுத்தா ஃபைல் பண்ணிடுங்க, மாத்தின ஆணை தேதியிலருந்து ஒரு வருஷம் தாண்ட விடாதீங்க.

ஆட்சேபனைக் கடிதம் கமிட்டி தேதிக்கு முன்னாடி ஸ்பீட் போஸ்ட்ல போகட்டும், டெலிவரி ஆனதுக்கான ஆதாரத்தை பத்திரமா வைங்க.