முதல் பாட்டிலிருந்து கடைசிப் பாட்டு வரை கேட்க முடிகிற சோல் ஆல்பம் ஒன்று சொல்லுங்கள். அது எப்படி உருவானது?

டஸ்டி ஸ்பிரிங்ஃபீல்ட் பாடிய ‘டஸ்டி இன் மெம்ஃபிஸ்’. 1969-இல் வந்தது. சோல் என்றால், தேவாலயப் பாட்டின் சாயலோடு அமெரிக்கக் கறுப்பினத்தவர் வளர்த்த இசை. 11 பாட்டு, மொத்தம் அரை மணி நேரத்துக்குச் சற்று மேல், அவ்வளவுதான். எதையும் தாண்டிப் போகத் தோன்றாது. சரி, உண்மையைச் சொல்வதானால் எட்டாவதாக வரும் ‘தி விண்ட்மில்ஸ் ஆஃப் யுவர் மைண்ட்’ மட்டும் எனக்குக் கொஞ்சம் ஒட்டாது. மிஷெல் லெக்ராண்ட் இசையமைத்து ஆஸ்கர் வாங்கிய சினிமாப் பாட்டு. நல்ல பாட்டுதான், ஆனால் வேறு வீட்டுக் கல்யாணத்துக்குக் கிளம்பி இங்கே வந்துவிட்டவர் மாதிரி நிற்கும்.

டஸ்டி லண்டன்காரர். 60-களின் நடுவில் இங்கிலாந்தில் அவரை விடப் பெரிய பாப் பாடகி இல்லை என்றே சொல்லலாம். அவர் மனசெல்லாம் அமெரிக்கக் கறுப்பினப் பாடகர்களின் இசையில்தான். மோடவுன் என்ற அமெரிக்க இசை நிறுவனத்தின் பாடகர்களை 1965-இல் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் ஒரு தனி நிகழ்ச்சியாகவே தொகுத்து வழங்கினார். அதற்கு முந்தைய வருடம் தென்னாப்பிரிக்காவுக்குப் போனபோது, வெள்ளையரும் கறுப்பினத்தவரும் சேர்ந்து உட்காராத அரங்கில் பாட மறுத்து, அந்த நாட்டை விட்டே வெளியேற்றப்பட்டவர். அப்படிப்பட்டவர் 1968-இல், பெரிய சோல் பாடகி அரிதா ஃபிராங்க்ளின் பாடிக்கொண்டிருந்த அதே அட்லாண்டிக் இசைத்தட்டு நிறுவனத்தில் ஒப்பந்தம் போட்டார். ஆசைப்பட்ட இடம் கிடைத்துவிட்டது. அப்புறம்தான் பயம் வந்தது.

தயாரிப்பாளர் ஜெர்ரி வெக்ஸ்லர். ஆல்பத்துக்காக எழுபது, எண்பது பாட்டுகளின் டெமோக்களை, அதாவது மாதிரிப் பதிவுகளை, தன் வீட்டில் வைத்து டஸ்டிக்குப் போட்டுக் காட்டினார். ஒன்றுகூடப் பிடிக்கவில்லை என்றார் டஸ்டி. சில மாதம் கழித்து வெக்ஸ்லர் அதே குவியலிலிருந்து இருபது பாட்டை எடுத்து மறுபடி போட, எல்லாமே பிரமாதம் என்றாராம். வெக்ஸ்லரே பின்னாளில் சொன்ன கதை இது. கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் தேர்ந்தெடுத்த பாட்டுகளைப் பாருங்கள்: ஜெர்ரி கோஃபின் - கரோல் கிங் ஜோடியின் பாட்டு மட்டும் நான்கு, ராண்டி நியூமன் எழுதியது இரண்டு, பர்ட் பாகராக் இசையில் ஒன்று. சோல் ஆல்பத்தில் பாதிக்கு மேல் பாப் பாட்டு எழுதுபவர்களின் சரக்கு!

1968 செப்டம்பரில் அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரத்தில் இருந்த அமெரிக்கன் சவுண்ட் ஸ்டுடியோவில் வேலை ஆரம்பித்தது. அங்கே நிரந்தரமாக வாசித்த குழுவில் கிதாரில் ரெஜி யங், பேஸில் டாமி காக்பில், டிரம்ஸில் ஜீன் கிரிஸ்மன். சில மாதம் கழித்து எல்விஸ் பிரெஸ்லியும் இதே ஆட்களின் வாசிப்பில் பாட இதே இடத்துக்கு வந்தார் என்றால் அவர்கள் தரம் புரியும். அவர்களுக்கு எழுதி வைத்த இசைக்குறிப்பெல்லாம் கிடையாது. டெமோவைக் கேட்பார்கள், ஆளாளுக்கு ஒன்றை வாசித்துப் பார்ப்பார்கள், பாடகர் கூடவே பாடப் பாடப் பாட்டு ஓர் உருவத்துக்கு வரும்.

டஸ்டிக்கு அது ஒத்துவரவில்லை. லண்டனில் முழு ஆர்கெஸ்ட்ராவும் தயாராக இருக்க, அதன் மேல் பாடிப் பழகியவர். போதாக்குறைக்கு, பெரிய பெரிய சோல் பாடகர்கள் நின்று பாடிய இடத்தில் தானும் நிற்கிறோம், தன்னை அவர்களோடு ஒப்பிடுவார்களே என்ற நடுக்கம். இதைப் பிறகு அவரே சொல்லியிருக்கிறார். கடைசியில் மெம்ஃபிஸில் இசை மட்டும் முடிந்தது. ஆல்பத்தில் நாம் கேட்கும் டஸ்டியின் குரல் நியூயார்க்கில் பதிவானது. பெயரில்தான் மெம்ஃபிஸ்! அங்கேயும் ஹெட்போனில் இசையைக் காதடைக்க வைத்துக்கொண்டுதான் பாடுவாராம், தன் குரல் தனக்கே கேட்காத அளவுக்கு. ‘ஸ்வீட் இன்ஸ்பிரேஷன்ஸ்’ பெண்களின் பின்னணிக் குரல்களும், அரிஃப் மார்டின் எழுதிய வயலின்களும் சேர்ந்து ஆல்பம் முழுமையானது.

இப்படிப் பிரித்துப் பிரித்துச் செய்தது ஒட்டாமல் போயிருக்க வேண்டும். எனக்கென்னவோ அதனால்தான் இந்த ஆல்பம் இவ்வளவு நன்றாக வந்தது என்று தோன்றுகிறது. அந்தக் குழுவோடு நேருக்கு நேர் நின்றிருந்தால், அரிதா மாதிரி உச்சத்துக்குப் போய்க் காட்ட வேண்டும் என்ற எண்ணம் டஸ்டிக்கு வந்திருக்கும். தனியாகப் பாடியதில் அந்தப் போட்டியே இல்லை. ‘பிரேக்ஃபாஸ்ட் இன் பெட்’ பாட்டைக் கேளுங்கள். குரலை உயர்த்த வேண்டிய இடம் என்று நாம் நினைக்கிற ஒவ்வொரு இடத்திலும் அவர் இறங்கிப் போவார். பக்கத்தில் உட்கார்ந்து நமக்கு மட்டும் சொல்கிற மாதிரி இருக்கும்.

‘சன் ஆஃப் எ பிரீச்சர் மேன்’ பாட்டு பலருக்கும் தெரிந்திருக்கும், 1994-இல் ‘பல்ப் ஃபிக்‌ஷன்’ படத்தில் வந்ததே, அதுதான். முதலில் அரிதாவை மனதில் வைத்து எழுதிய பாட்டு, டஸ்டியிடம் வந்தது. பின்னர் அரிதாவும் பாடினார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் வித்தியாசம் தெரியும். அரிதாவின் பாட்டில் தேவாலயமே இருக்கிறது. டஸ்டியின் பாட்டில் ஒரு பெண் பழைய ரகசியத்தை நினைத்துச் சிரித்துக்கொள்கிறாள். தொடக்கத்தில் ரெஜி யங்கின் அந்தச் சின்னக் கிதார் வேறு!

அந்தப் பாட்டு இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் முதல் பத்துக்குள் போயும் ஆல்பம் ஓடவில்லை. அமெரிக்கப் பட்டியலில் 99-ஆம் இடம்தான். பிறகுதான் விமர்சகர்கள் கொண்டாட ஆரம்பித்தார்கள். 2020-இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகமான லைப்ரரி ஆஃப் காங்கிரஸ், பாதுகாக்க வேண்டிய ஒலிப்பதிவுகளின் பட்டியலில் இதைச் சேர்த்தது. டஸ்டி 1999 மார்ச்சிலேயே போய்விட்டார்.

இப்போது கிடைக்கும் சில பதிப்புகளில் பின்னால் ஏகப்பட்ட கூடுதல் பாட்டுகளைச் சேர்த்திருக்கிறார்கள். முதல் தடவை கேட்பவர்கள் பதினோராவது பாட்டோடு நிறுத்திவிடுங்கள். மீதி பிடித்தவர்களுக்கு.