வினிகர் நெடி அடிக்கும் ரீலை ஓட்டிப் பார்க்கலாமா?

கேள்வி: எங்களிடம் பழைய 16 எம்.எம். ரீல்கள் ஆறு இருக்கின்றன. தகர டப்பாவைத் திறந்தால் வினிகர் நெடி. புரொஜெக்டர் ஒன்றும் கிடைத்திருக்கிறது. ஒருமுறை ஓட்டிப் பார்த்துவிட்டு ஸ்கேனுக்குக் கொடுக்கலாமா?

பதில்: ஓட்டாதீர்கள். அந்த ஒரு முறையிலேயே ரீல் போய்விடக்கூடும்.

ஃபிலிமின் அடித்தளமான அசிட்டேட் சிதையும்போது அசிட்டிக் அமிலம் வெளியேறுகிறது. உங்களுக்கு வருவது அந்த நெடிதான். வெளியேறிய அமிலமே சிதைவை இன்னும் முடுக்கிவிடும். இறுக மூடிய டப்பாவுக்குள் அது அடைபட்டுக் கிடந்தால் கேட்கவே வேண்டாம். ஃபிலிம் சுருங்கி விறைக்கும், விளிம்பு நெளியும், கடைசியில் படம் பதிந்த எமல்ஷன் உரிந்து வரும். இதை நிறுத்த வழியில்லை, தாமதப்படுத்தலாம்.

காற்றோட்டமான அறையில், நைட்ரைல் கையுறையோடு டப்பாக்களைத் திறந்து, நெடி அடிக்கும் ரீல்களை மற்றவற்றிலிருந்து தனியே வையுங்கள். அமில ஆவி நல்ல ரீல்களையும் கெடுக்கும். எது எந்த நிலையில் இருக்கிறது என்று அறிய ஏ-டி ஸ்ட்ரிப் என்ற நீல நிறக் காகிதப் பட்டை உண்டு. டப்பாவுக்குள் போட்டு மூடி, அறை வெப்பத்தில் ஒரு நாள் விட்டுப் பாருங்கள். நீலமாகவே இருந்தால் நல்லது. பச்சையானால் சிதைவு நடக்கிறது. மஞ்சளுக்குப் போய்விட்டால் அந்த ரீலைத்தான் முதலில் ஸ்கேன் செய்ய வேண்டும்.

அடுத்தது சுருக்கம். புதிய 16 எம்.எம். ஃபிலிம் துண்டு ஒன்றைப் பழையதன் பக்கத்தில் இணையாகப் படுக்க வையுங்கள். முதல் துளைகள் இரண்டும் நேராக இருக்கட்டும். நூறு துளை தள்ளிப் பாருங்கள். பழையதின் துளை, ஒரு துளைக்கும் அடுத்த துளைக்கும் உள்ள தூரம் அளவுக்குப் பின்தங்கியிருந்தால் சுருக்கம் 1 சதவீதம். அந்த அளவைத் தொட்டுவிட்டால் பல்சக்கரத்தில் மாட்டவே கூடாது. பல் துளையில் சரியாக உட்காராமல் ஓரத்தைக் கிழித்துக்கொண்டே போகும். சக்கரத்தில் பல் இல்லாமல், உருளையிலேயே ஃபிலிமை நகர்த்தும் ஸ்கேனர் வைத்திருப்பவரைத் தேடுங்கள்.

ரீலைச் சுற்றும்போது கை ரீவைண்டரில் மெதுவாகச் சுற்றுங்கள். தளர்ந்த ரீலை இறுக்குவதற்காக நுனியைப் பிடித்து இழுக்கும் பழக்கம் பலருக்கு உண்டு. சுற்றுகள் ஒன்றோடொன்று உரசி, தூசியே உளியாகி நீளக் கீறல் போட்டுவிடும். பழைய ஒட்டுகள் காய்ந்து விட்டுப்போயிருந்தால் ஸ்ப்ளைஸர் என்ற ஒட்டும் கருவி வைத்து மறுபடி ஒட்டி, முன்னும் பின்னும் இரண்டு மீட்டர் புது லீடர் (படமில்லாத வெற்று ஃபிலிம்) சேருங்கள். பூஞ்சை இருந்தால் தண்ணீர் பக்கமே போகாதீர்கள். பூஞ்சை அரித்த ஜெலட்டின் தண்ணீரில் கரையும், படமும் கூடவே போகும். அதைத் துடைக்கும் வேலை ஆய்வகத்துக்குரியது.

ஸ்கேனுக்குக் கொடுக்கும்போது வாய்வார்த்தையாக விடாமல் எழுதிக் கொடுங்கள்: குறைந்தது 2கே (அகலத்தில் சுமார் 2,000 புள்ளிகள்) தெளிவு, ஃபிரேமைச் சுற்றித் துளையும் ஒலித்தடமும் தெரியும்படி ஓவர்ஸ்கேன், ஒவ்வொரு ஃபிரேமும் தனிப் படமாக 10-பிட் டி.பி.எக்ஸ். கோப்புகள். 400 அடி ரீல் என்றால் 16,000 ஃபிரேம், வினாடிக்கு 24 வீதம் 11 நிமிடம். முழு 2கே ஃபிரேம் ஒன்று 12.7 எம்.பி. என்பதால் ஒரு ரீலுக்கு 200 ஜி.பி. தாண்டும். இடம் போதாவிட்டால் தரம் இழக்காமல் கோப்பைச் சிறிதாக்கும் எஃப்.எஃப்.வி.1 வடிவில் கேளுங்கள். கீறல் நீக்கி, கிரெய்னை (ஃபிலிமுக்கே உரிய பொடிப் புள்ளிகளை) வழித்து 'பளிச்' என்று தருகிறேன் என்பார்கள் ஸ்கேன் செய்பவர்கள். அது பார்வைப் பிரதிக்கு மட்டும் சரி. துடைக்காத மூலக் கோப்பு கைக்கு வராமல் பணம் கொடுக்காதீர்கள். அடித்தளப் பக்கத்துக் கீறலை வெட்-கேட் முறையிலேயே, அதாவது ஃபிலிமின் ஒளிவிலகலுக்கு இணையான திரவம் கீறலை நிரப்பும்போதே, மறைத்துவிடலாம். எமல்ஷன் பக்கக் கீறலில் படமே சுரண்டப்பட்டிருக்கும், அதற்கு டிஜிட்டல் ஒட்டுதான் வழி.

ஸ்கேன் முடிந்தது என்று ரீலைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். பிளாஸ்டிக் கோரில் (ஃபிலிம் சுற்றும் நடு உருளையில்) சுற்றி, ஈரப்பதம் 30 முதல் 50 சதவீதம் இருக்கும் அறையில் சில நாள் ஆறவிட்டு, இரண்டு உறைகள் போட்டு இறுக மூடி, சிதைவைத் தாமதப்படுத்த ஃபிரீசரில் வையுங்கள். ஈரம் காட்டும் அட்டை ஒன்றை உறைகளுக்கு நடுவில் வைத்தால், உறை ஓட்டையானால் தெரிந்துவிடும். வெளியே எடுத்தால் 24 மணி நேரம் உறையைப் பிரிக்க வேண்டாம். அவசரப்பட்டால் குளிர்ந்த எமல்ஷன் மேல் தண்ணீர் பூத்துவிடும்.